நஜீம் நிறுத்திய பாட்டு

கல்முனையில் ஓட்டோ ஓடும் யாரிடமும் நஜீமைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். கை சுத்தம், வாய்தான் சுத்தமில்லை என்பார்கள். சந்தைக்குப் பின்னால் உள்ள வீதியில் தகரம் போட்ட ஒரு சின்னக் கடை அவனுடையது. ஓட்டோவுக்கும் வேனுக்கும் பாட்டுச் செட் பூட்டுவது தொழில். பின்சீட்டுக்கு அடியில் பேஸ் பெட்டியை வைத்து, கூரையோரம் இரண்டு ஸ்பீக்கரைச் செருகி, வயரெல்லாம் கண்ணுக்குத் தெரியாமல் மறைத்துவிடுவான். வேலை முடிந்ததும் ஓட்டோக்காரரை உள்ளே இருத்தி ஒரு பாட்டைப் போட்டுக் காட்டுவது வழக்கம். எந்தப் பாட்டு என்று சொல்லும் உரிமை மட்டும் ஓட்டோக்காரருக்கு. நஜீமுக்கு வினை வந்தது அந்த வழியாகத்தான்.

அந்த வருஷம் எல்லாரும் கேட்டது அப்ராஸின் பாட்டை.

அப்ராஸ் யாரென்றால், நஜீமோடு ஒன்பது வருஷம் ஒரே பேண்டில் நின்றவன். பேண்டின் பெயர் சோளகம். விளையாட்டுக் கழகங்களின் பரிசளிப்பு, பழைய மாணவர் ஒன்றுகூடல், கடற்கரையில் பெருநாள் நிகழ்ச்சி என்று இந்தக் கரை முழுக்கச் சுற்றியவர்கள். அப்ராஸ் பாட்டு, நஜீம் கிற்றார், பாண்டிருப்புப் பிரசாந் தடித்த தந்தி பேஸ். ட்ரம்ஸ் அடித்தவன் கட்டாருக்குப் போய் அங்கேயே தங்கிவிட்டான். பிறகு அப்ராஸ் கொழும்புக்குப் போனான், பேண்டும் படுத்துவிட்டது. யாரும் யாரோடும் சண்டை பிடிக்கவில்லை. சண்டை பிடித்திருந்தால் நஜீமுக்கு எவ்வளவோ வசதியாக இருந்திருக்கும். கோபிக்க ஒரு காரணமாவது கையில் இருந்திருக்கும்.

கொழும்பில் பத்து வருஷம் விளம்பரங்களுக்குப் பாடிக்கொண்டிருந்த அப்ராஸ், நாற்பது வயதில் தனியாக ஓர் அல்பம் வெளியிட்டான். பெயர் ‘ஈரமணல்’. எட்டுப் பாட்டு. சொஃப்ட் றொக் என்றார்கள். “றொக்காம். அதுவும் சொஃப்டாம். பிட்டுக்குக் குழைச்ச மா மாதிரி” என்று நஜீம் கடையிலிருந்தபடி தீர்ப்புச் சொன்னான். ஊர் அந்தத் தீர்ப்பைச் சட்டை செய்யவில்லை. தேநீர்க் கடையில் அந்தப் பாட்டு, மாப்பிள்ளை அழைப்பு வீடியோவில் அந்தப் பாட்டு, டியூஷனுக்குப் போகும் பிள்ளைகளின் போனில் அந்தப் பாட்டு. கொழும்புத் தொலைக்காட்சி ஒன்று அப்ராஸைக் கூப்பிட்டு இருத்திப் பேட்டியும் எடுத்தது. அதில் அவன் சொன்னான்: “ஊர்ல நாங்க சும்மா பொழுதுபோக்கா ஒரு பேண்ட் வச்சிருந்தம்.”

சும்மா. பொழுதுபோக்காக. இந்த இரண்டு சொல்லும் நஜீமின் தொண்டையில் முள்ளாகக் குத்தி நின்றுவிட்டன. ஒன்பது வருஷமாக விரல் நுனி காய்த்துப் போக வாசித்தவனுக்கு அது பொழுதுபோக்கா? அன்று பின்னேரம் ஒரு வேனுக்குச் சிவப்பு வயரையும் கறுப்பு வயரையும் மாற்றிப் பூட்டி, நல்ல ஸ்பீக்கர் ஒன்றைக் கருக்கிப்போட்டான்.

முதலில் வந்தவர் மீராமுகைதீன் காக்கா. பஸ் நிலையத்து ஓட்டோக்காரர்களில் மூத்தவர், எல்லாருக்கும் அண்ணன் முறை. புதுச் செட் பூட்டி முடிந்ததும் வசதியாகச் சாய்ந்துகொண்டு, “அப்ராஸ்ட பாட்டைப் போடு தம்பி” என்றார்.

“வேற பாட்டில்லையா காக்கா?”

“இரிக்கி. ஆனா இதுதான் நல்லா இரிக்கி. நீயும் அவனோட இருந்த ஆள்தானே?”

இருந்த ஆள். வருகிறவரெல்லாம் தவறாமல் அதையே கேட்டார்கள். நீயும் அதில இருந்தாய்தானே, நீயும் முந்தி வாசிச்சாய்தானே. நஜீம் பல்லைக் கடித்துக்கொண்டு பாட்டைப் போட்டான். சிநேகிதனின் குரலை ஒரு நாளில் ஐந்தாறு தடவை, அதுவும் தன் கையாலேயே ஒலிக்கவிட்டுக் கேட்க வேண்டிய தலைவிதி வேறு யாருக்கு வந்திருக்கும்? யூடியூபில் அந்த அல்பத்தைத் தானாகத் திறந்து பார்ப்பதில்லை என்று மட்டும் சபதம் எடுத்திருந்தான். கேட்டதெல்லாம் ஓட்டோக்காரர்களின் போனிலிருந்துதான்.

வீட்டிலாவது நிம்மதி உண்டா என்றால் அதுவுமில்லை. மனைவி றாஹிலா இடியப்பம் பிழிந்துகொண்டே எதையோ முணுமுணுத்தாள். காதைக் கொடுத்தான். ஈரமணலின் மூன்றாவது பாட்டு.

“என்ன பாட்டு அது?”

“தெரியா. வாயில வந்திட்டு.”

“வாயில வேற ஒண்டும் வரயில்லையா?”

“உங்களுக்கு இப்ப இடியப்பம் வேணுமா, பாட்டு வேணுமா?” என்று கேட்டுவிட்டு அவள் தொடர்ந்து முணுமுணுத்தாள். இந்தக் கரையில் கலியாணம் முடித்தால் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்குப் போவான். மருதமுனையில் இருக்கும் அந்த வீடு றாஹிலாவின் வாப்பா அவளுக்குக் கட்டிக் கொடுத்தது, வீட்டு உறுதிப் பத்திரமும் அவள் பெயரில். என் வீட்டில் இந்தப் பாட்டுக் கேட்கக் கூடாது என்று சட்டம் போட நஜீமுக்கு வீடே இல்லை. இடியப்பத்தைத் தின்றுவிட்டுக் கடைக்குப் போனான்.

அன்றுதான் அந்த வேலையைத் தொடங்கினான்.

பாட்டுச் செட்டில் சத்தத்தைக் கூட்டிக் குறைக்க ஒரு பொத்தான் இருப்பது எல்லாருக்கும் தெரியும். பேஸ் எனும் தடித்த சத்தத்துக்கு ஒன்று, மெல்லிய சத்தத்துக்கு ஒன்று, இரண்டுக்கும் நடுவில் உள்ளதற்கு ஒன்று என்று உள்ளே தனித்தனியாக இருப்பது பூட்டுகிறவனுக்குத்தான் தெரியும். மனிதக் குரல் குடியிருப்பது அந்த நடுவில். நஜீம் நடுவை இறக்கினான். சந்தேகம் வராதிருக்க பேஸைக் கொஞ்சம் தூக்கினான், தந்திகளின் மினுக்கம் தெரிய மேலேயும் கொஞ்சம் தூக்கினான். பாட்டைப் போட்டுப் பார்த்தான். அப்ராஸ் பக்கத்து வளவுக் கிணற்றுக்குள் இறங்கி நின்று பாடுகிறவன் மாதிரி இருந்தான். நஜீமுக்குப் பல நாளைக்குப் பிறகு சிரிப்பு வந்தது.

பிறகு வந்த ஓட்டோ ஒவ்வொன்றிலும் அதையே செய்தான். ஏற்கெனவே பூட்டிக்கொண்டு போனவர்களையும் கூப்பிட்டு, “சும்மா ஒருக்காச் சரிபாத்துத் தாறன் காக்கா” என்று இலவசமாகவே செய்து கொடுத்தான். காசு வாங்காத நஜீமைப் பார்த்து அவர்கள் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். ஆனால் பேஸ் கூடியிருக்கிறதே என்ற சந்தோஷத்தில் துவா செய்து வாழ்த்திவிட்டுப் போனார்கள். கல்முனையிலிருந்து பெரியநீலாவணை வரைக்கும் அப்ராஸ் கிணற்றுக்குள் கிடந்தான்.

குரல் உள்ளே போனதும் கிற்றார் வெளியே வந்தது. அது நஜீம் எதிர்பாராத சங்கதி. முன்னர் குரலுக்குப் பின்னால் ஒதுங்கி நின்ற கிற்றார் இப்போது தனியாகக் கேட்டது. யாரோ ஒருவன் அவசரமில்லாமல், தேவையில்லாத ஒரு தந்தியைக்கூடத் தொடாமல் வாசித்திருந்தான். இரண்டாவது பாட்டின் நடுவில் ஓர் இடத்தில் வேறு எவனும் வாசித்தே தீரும் ஒரு சுரத்தை அவன் வாசிக்காமல் விட்டிருந்தான். அந்த இடத்தைக் கேட்கும்போதெல்லாம் நஜீமின் கையிலிருந்த ஸ்குரூட்றைவர் அப்படியே நின்றது. கொழும்பில் பெரிய பெரிய வாத்தியக்காரர்கள் இருக்கிறார்கள், அவர்களில் ஒருவனாக இருப்பான் என்று நினைத்துக்கொண்டான்.

“பாட்டுல என்ன கிடக்கு? அந்தக் கிற்றாரக் கேளுங்க காக்கா. அவன் இல்லாட்டி அப்ராஸ் எங்க?” என்று வருகிறவர்களிடமெல்லாம் சொல்லத் தொடங்கினான். றாஹிலாவிடமும் சொன்னான். அதில் அவனுக்கொரு பெருமையும் இருந்தது. பொறாமைக்காரன் என்று யாராவது சொல்லிவிட முடியுமா? நல்லதை நல்லதென்று சொல்கிற ஆளல்லவா அவன்! முகம் தெரியாத ஒருவனைப் புகழ்வதற்குச் செலவேதும் இல்லை, பாருங்கள்.

அப்ராஸ் ஊருக்கு வந்து கடற்கரையில் பாடப்போகிறான் என்ற செய்தி அதற்குப் பிறகு வந்தது. கிற்றார் வாசிக்கத் தன்னைக் கூப்பிட வருவான் என்பதில் நஜீமுக்குச் சந்தேகமே இல்லை. வேறு யாரைக் கூப்பிடுவான்? மறுப்பதற்கு இப்போதே தயாரானான். சவரம் செய்யும்போது கண்ணாடியைப் பார்த்துச் சொல்லிப் பழகினான். ‘இல்ல மச்சான், அதெல்லாம் விட்டுக் கன காலம்.’ கொஞ்சம் சலிப்போடு சொன்னால் நன்றாக இருந்தது. அப்ராஸ் கெஞ்சுவான். இரண்டாவது தடவையும் மறுக்க வேண்டும். மூன்றாவது தடவை கேட்டால் என்ன செய்வது என்று மட்டும் அவன் தனக்கே சொல்லிக்கொள்ளவில்லை. ஆனால் அலுமாரிக்கு மேலே கிடந்த கிற்றாரை இறக்கி, தூசு தட்டிப் புதுத் தந்தி போட்டு வைத்தான்.

அப்ராஸ் மீராமுகைதீன் காக்காவின் ஓட்டோவில் வந்து கடை வாசலில் இறங்கினான். சலாம் சொல்லி, கட்டிப்பிடித்து, தோளில் கைபோட்டபடியே கேட்டான்.

“மச்சான், காக்காட ஓட்டோவில என்ட பாட்டைக் கேட்டுக்கிட்டு வந்தன். செட் நீதானே பூட்டின?”

நஜீமின் முகத்தில் ஈயாடவில்லை. “ஓம்” என்றான்.

“என்னடா செஞ்சாய்? கொழும்புல என்ட குரலத் தூக்கி நெத்தியில ஒட்டி வச்சிட்டானுகள். எவ்வளவு சொல்லியும் கேக்கயில்ல. இதில குரல் உள்ளுக்க இரிக்கி, கிற்றார் முன்னுக்கு வருது. நான் ஆசப்பட்டது இப்பிடித்தான்டா. உன்ட காது உன்ட காதுதான்.”

செய்த வஞ்சகத்துக்கு வாழ்த்து வாங்குவது எப்படியிருக்கும் என்று நஜீமுக்கு அப்போது தெரிந்தது. திட்டியிருந்தால் திருப்பித் திட்டியிருக்கலாம்.

“வெள்ளிக்கிழமை கடற்கரையில பாடுறன். நீதான் வரணும்” என்றான் அப்ராஸ்.

நஜீம் தொண்டையைச் செருமினான். “இல்ல மச்சான், அதெல்லாம் விட்டுக் கன...”

“சவுண்ட் பாக்கிறதுக்கு உன்னைவிட ஆளில்ல. மிக்ஸர்ல நீதான் இருக்கணும்.”

பழகி வைத்த வசனம் பாதியில் நின்றது. மிக்ஸருக்கு மறுப்புச் சொல்ல அவன் பழகியிருக்கவில்லை. “அப்ப கிற்றார்?” என்று கேட்டான். கேட்ட குரல் அவனுக்கே அசிங்கமாக இருந்தது.

“பிரசாந்.”

“எந்தப் பிரசாந்?”

“எந்தப் பிரசாந்தா? நம்மட பிரசாந்தான். அல்பத்தில முழுக்க அவன்தானே வாசிச்ச. யூடியூபில பேரும் கிடக்கே, நீ பாக்கயில்லையா?”

ஓட்டோவுக்குள் இருந்தபடியே மீராமுகைதீன் காக்கா தலையை நீட்டினார். “ஓம் மனே, நஜீம் எந்த நாளும் அந்தக் கிற்றாரத்தான் புகழுற. அவன் இல்லாட்டி நீ எங்கயாம்!” அப்ராஸ் வாய்விட்டுச் சிரித்தான். “அவனுக்கிட்டச் சொல்றன். கேட்டா உருகிப்போயிடுவான்.”

பாண்டிருப்புப் பிரசாந்! பேண்டில் சேர வந்த நாளில் அவன் கையிலும் கிற்றார்தான் இருந்தது. “உனக்கு விரல் கட்டை. இது வராது, பேஸை எடு” என்று சொல்லி அதை வாங்கி மூலையில் சாத்தியவன் நஜீம். அவனும் முகம் கோணாமல் பேஸை எடுத்தான். நாளும் அரசாங்க வேலை முடிந்து வந்து, இத்தனை வருஷமும் எவருக்கும் சொல்லாமல் வீட்டிலிருந்து பழகியிருக்கிறான். அவனைத்தான் நஜீம் இந்தக் கரை முழுக்கக் கொண்டுபோய்ச் சேர்த்திருந்தான். குரலையும் இறக்கி அவனுக்கு வழி விட்டிருந்தான். அப்ராஸ் மீது இருந்த பொறாமை ஒரு நொடியில் சில்லறையாகிவிட்டது. குரல் அல்லாஹ் கொடுத்தது, அதற்கு என்ன செய்வது? ஆனால் கிற்றார் நஜீமின் இடம். அந்த இடத்தில் ஒருவன் வந்து நிற்கிறான், அதுவும் நஜீமைவிட நன்றாக நிற்கிறான்.

வெள்ளிக்கிழமை பின்னேரம் அஸர் தொழுகை முடிந்ததும் நிகழ்ச்சி தொடங்கியது. பொழுதுபடும்போது பள்ளிவாசலிலிருந்து தொழுகைக்கு அழைக்கும் மஃரிப் பாங்குக்கு முன்னர் முடிய வேண்டும். இந்தக் கரையில் ஸ்பீக்கர் வாடகைக்கு விடும் எவனுக்கும் முதல் பாடம் அதுதான். பாங்கு கேட்டால் பாடுகிறவன் யாராக இருந்தாலும் சவுண்டை நிறுத்த வேண்டும், மேடையில் இருப்பவர்களிடம் கேட்கத் தேவையில்லை. மேடையில் சத்தத்துக்குள் நிற்பவர்களுக்குப் பாங்கு கேட்காது என்பதால் மிக்ஸரில் இருப்பவனின் காதை ஊரே நம்பும். அவன் கையைத் தூக்கினால் அதற்கு மேல் பேச்சில்லை.

பிரசாந் மேடையேறுவதற்கு முன்னர் நேராக மிக்ஸருக்கு வந்தான். “நஜீம் காக்கா, சவுண்ட் நீங்க எண்டு சொன்னாப் பிறகுதான் நெஞ்சு ஆறிச்சு. அப்ராஸ் எல்லாம் சொன்னவன். நீங்க நல்லாரிக்கி எண்டு சொன்னீங்களாம்.”

“ஓம், ஓம். போய் வயரைக் குத்து” என்றான் நஜீம்.

பாட்டுகள் ஒழுங்காகத்தான் போயின. நஜீம் எதிலும் கை வைக்கவில்லை. அவனுடைய கை சுத்தமென்று சொன்னேனே, அது பொய்யல்ல. அப்ராஸ் பாடினான், சனம் கைதட்டியது. பெண்கள் பக்கத்தில் முன்வரிசையில் றாஹிலா தன் தங்கையோடு இருந்து ஓயாமல் கதைத்துக்கொண்டிருந்தாள். பாட்டுக் கேட்க வந்தாலும் அவள் வாய் மூடுவதில்லை. சோளகம் காலத்தில் நஜீம் வாசித்தபோதும் அப்படித்தான் கதைத்துக்கொண்டிருப்பாள். அது அவள் பழக்கம் என்று அவனும் விட்டுவிட்டான்.

கடைசிப் பாட்டில் அப்ராஸ் ஒதுங்கி நிற்க, பிரசாந் தனியாக வாசிக்கத் தொடங்கினான். கண்ணைத் தூக்கிச் சனத்தைப் பார்க்கவுமில்லை. நஜீம் பெண்கள் பக்கம் பார்த்தான். றாஹிலா தங்கையின் கையைத் தொட்டு ‘பொறு’ என்று சைகை செய்தாள். பேச்சை நிறுத்தினாள். தலையை நிமிர்த்தி மேடையைப் பார்த்தபடி அசையாமல் இருந்தாள்.

அதை நஜீமால் பொறுக்க முடியவில்லை. அவ்வளவுதான்.

“பாங்கு!” என்று உரக்கச் சொல்லிக் கையைத் தூக்கினான். மற்றக் கை மொத்தச் சத்தத்துக்குமான பெரிய பொத்தானை அடிவரைக்கும் இழுத்துவிட்டது.

திடல் முழுவதும் ஒரே நொடியில் அடங்கியது. பெண்கள் முக்காட்டை இழுத்து விட்டார்கள். ஆண்கள் சட்டைப்பையிலிருந்து தொப்பியை எடுத்தார்கள். கச்சான்காரன் வறுக்கும் சட்டியில் தட்டுவதை நிறுத்தினான். அப்ராஸ் மைக்கை இறக்கித் தலை குனிந்தான். பிரசாந்தின் பக்கத்தில் அவனுடைய சொந்த அம்பிளிபயர் பெட்டி இன்னும் உயிரோடு இரைந்துகொண்டுதான் இருந்தது, அதை நிறுத்த நஜீமால் முடியாது. பிரசாந் தந்திகளிலிருந்து கையை எடுத்தான். நெஞ்சுக்குக் குறுக்கே கையைக் கட்டிக்கொண்டு, பள்ளிவாசல் இருக்கும் திசையைப் பார்த்து நின்றான்.

பாங்கு வரவில்லை.

எல்லாரும் காத்து நின்றார்கள். காற்று எடுத்துப் போகிறது போலும் என்று சிலர் காதைச் சரித்தார்கள். அலை ஒன்று அடித்து ஓய்ந்தது, அடுத்ததும் அடித்தது. “உம்மா, எங்க பாங்கு?” என்று ஒரு பிள்ளை கேட்க, தாய் அதன் வாயைப் பொத்தினாள். யாரோ போனை எடுத்து நேரம் பார்த்து, பக்கத்திலிருந்தவருக்குக் காட்டினார். இருவருமாக மிக்ஸர் பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். பிறகு மேடையைப் பார்த்தார்கள். அங்கே பிரசாந் அதே மாதிரி, கட்டிய கை அவிழாமல் நின்றான். அவனைப் பார்த்ததும் நேரம் பார்த்தவர் போனைப் பையில் போட்டுக்கொண்டார்.

நஜீமும் தொப்பியைப் போட்டிருந்தான். போடாமல் இருக்க முடியுமா? பொறாமைக்கு அல்லாஹ்வின் அழைப்பையே முண்டு கொடுத்திருக்கிறோம் என்பது அப்போதுதான் அவனுக்கு உறைத்தது. தன் வாழ்நாளில் எந்தத் தொழுகைக்கும் அவன் பாங்கை அப்படி ஏங்கிக் காத்திருந்ததில்லை. அங்கேயே மௌத்தாகி மண்ணுக்குள் போய்விடலாம் போல இருந்தது. கடைசியில், கல்முனைப் பக்கத்திலிருந்து முதல் குரல் எழுந்தது. அதைத் தொடர்ந்து மருதமுனைப் பக்கத்திலிருந்தும் வந்தது.

மணலிலேயே பாய் விரித்து வரிசை கட்டினார்கள். அப்ராஸ் வந்து நஜீமின் வலப்பக்கத்தில் தோளோடு தோள் ஒட்டி நின்றான். தொழுது முடித்து வலப்பக்கம் திரும்பி சலாம் சொன்னபோது நஜீம் கண்ணைத் தாழ்த்திக்கொண்டான். எழுந்து வந்தபோது சனம் கலைந்துகொண்டிருந்தது. றாஹிலா தங்கையோடு வீட்டுக்குப் புறப்பட்டுவிட்டாள், அவனைத் தேடவில்லை.

மிக்ஸருக்குப் பக்கத்தில் பிரசாந் குந்தியிருந்து வயர்களைச் சுற்றிக்கொண்டிருந்தான். பாதிக்கு மேல் சுற்றி ஒழுங்காக அடுக்கியும் வைத்திருந்தான்.

“வை. நான் பாக்கிறன்” என்றான் நஜீம்.

“பரவாயில்ல காக்கா, முடிஞ்சிட்டு.”

நஜீம் அவனுக்கு எதிரே மணலில் இருந்தான். பிறகு சொன்னான்: “அப்ப பாங்கு சொல்லயில்ல பிரசாந். நான்தான் நிப்பாட்டின.”

“தெரியும் காக்கா.”

“தெரியுமா?”

“எங்கட வீடு பாண்டிருப்பில. கல்முனைப் பாங்கும் கேக்கிற, மருதமுனைப் பாங்கும் கேக்கிற. பிறந்த நாளிலயிருந்து கேக்கிறன், நேரம் தெரியாமப் போகுமா? பாங்குக்கு முன்னம் முடியக்கூடிய மாதிரிப் பாத்துத்தான் அந்தத் துண்டத் துவங்கின.”

“தெரிஞ்சுமா கையக் கட்டிக்கிட்டு நிண்டாய்? உன்ட பெட்டி வேலை செஞ்சுதே. நீ வாசிச்சிருக்கலாமே.”

பிரசாந் கையிலிருந்த வயரைச் சுற்றி முடித்து, நுனியைச் செருகினான்.

“நான் வாசிச்சிருந்தா, ஊரே உங்களத்தானே காக்கா பாத்திருக்கும்” என்றான்.

பிறகு பெரிய ஸ்பீக்கர்ப் பெட்டியின் ஒரு பக்கத்தைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு, மற்றப் பக்கத்தை நஜீம் வந்து தூக்கும்வரை நின்றான்.